தபேயா ப்ளூமென்ஷைன்: நடிப்பும் உடையும் ஒரே கையில் (அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்)

பெண் இயக்குநர் உல்ரிக்கே ஓட்டிங்கரின் 1970-களின் ஜெர்மன் படங்களைப் பற்றிப் பேச்சு வந்தால், கூடவே ஒரு கேள்வியும் வரும்: "படம் முழுக்க வாயே திறக்காமல், நிமிடத்துக்கு ஒரு உடையில் நடந்துகொண்டே இருக்கிறாரே, யார் அந்த நடிகை?" அவர் பெயர் தபேயா ப்ளூமென்ஷைன். எனக்கு மிகவும் பிடித்த திரைக்கலைஞர்களில் ஒருவர். தமிழில் அவரைப் பற்றி ஒரே இடத்தில் படிக்க வசதியாக இருக்கட்டும் என்று, நண்பர்கள் கேட்ட கேள்விகளையும் நானே தேடித் தெரிந்துகொண்டவற்றையும் சேர்த்து இதை எழுதுகிறேன்.

சுருக்கமாகச் சொன்னால், யார் இவர்?

ஜெர்மனியின் தென்கோடியில், ஸ்விட்சர்லாந்து எல்லையை ஒட்டிய கான்ஸ்டன்ஸ் நகரில் 1952 ஆகஸ்ட் 11 அன்று பிறந்தவர். நடிகை, உடை வடிவமைப்பாளர், ஓவியர். கொஞ்ச காலம் பாடகி, சில படங்களுக்கு இயக்குநர். 1972-க்கும் 1979-க்கும் இடையில் ஓட்டிங்கருடன் சேர்ந்து செய்த நான்கு படங்கள்தான் இன்றும் பேசப்படுகின்றன. 2020 மார்ச் 2 அன்று பெர்லினில் காலமானார். வயது 67.

பெயரை எப்படிச் சொல்வது?

தபேயா ப்ளூமென்ஷைன். ஜெர்மனில் 'ப்ளூமென்' என்றால் பூக்கள், 'ஷைன்' என்றால் ஒளி. அவர் வரைந்த படங்களையும் போட்ட உடைகளையும் பார்த்த பிறகு இந்தப் பெயர் மறக்கவே மறக்காது.

திரைக்கு எப்படி வந்தார்?

கான்ஸ்டன்ஸ் சின்ன ஊர். போடன்ஸே என்ற பெரிய ஏரியின் கரையில் இருக்கிறது. அந்த ஊரில் பிறந்து, பாரிஸ் போய் ஓவியம் வரைந்துவிட்டு, 1960-களின் கடைசியில் திரும்பி வந்தவர் ஓட்டிங்கர். வந்ததும் ஊரில் ஒரு ஃபிலிம் கிளப், ஒரு ஓவியக்கூடம், ஒரு சிறு பதிப்பகம் என்று அடுத்தடுத்துத் தொடங்கினார். ஓவியம் படித்துக்கொண்டிருந்த தபேயா அந்த வட்டத்துக்குள் வந்து சேர்ந்தார். ஓட்டிங்கர் பத்து வயது மூத்தவர். இருவரும் காதலர்களானார்கள், சேர்ந்து வேலையும் செய்தார்கள்.

நடிப்புப் பள்ளி, நாடக மேடை, பிறகு சினிமா என்கிற வழக்கமான பாதையில் வந்தவர் இல்லை அவர். கோடு போடவும் வண்ணம் பூசவும் பழகிய கையோடு கேமரா முன்னால் வந்து நின்றார். அவருடைய திரை வாழ்க்கை முழுவதையும் புரிந்துகொள்ள இது உதவும். ஒரு பாத்திரம் எப்படிப் பேசும் என்பதற்கு முன்னால், அது எப்படித் தெரியும் என்றுதான் அவருக்குத் தோன்றியிருக்கும் என்று நினைக்கிறேன்.

முதல் படம் எது?

'லாவோகூனும் மகன்களும்'. 1972-73-இல் எடுத்த கறுப்பு வெள்ளைப் படம், ஒரு மணி நேரத்துக்கும் குறைவு. பெண்கள் மட்டுமே வாழும் ஒரு கற்பனை தேசத்தில் எஸ்மெரால்டா டெல் ரியோ என்ற பெண் உருமாறிக்கொண்டே போகிறாள். ஒரு விதவையாகிறாள், பனிச்சறுக்கு நடன வீராங்கனையாகிறாள், பெண்களை மயக்கும் ஓர் ஆணாகவும் ஆகிறாள். எல்லா உருவமும் தபேயாதான்.

கதை என்று உட்கார்ந்து தேடினால் கைக்கு அகப்படாது. ஆனால் இருபது வயதுப் பெண் ஒருத்தி தொப்பியையும் மீசையையும் மாற்றி மாற்றி வேறு வேறு ஆளாக நிற்பதைப் பார்த்தால், பின்னாளில் வரப்போவது எல்லாம் இதிலேயே இருப்பது தெரியும்.

அடுத்து 1975-இல் 'நீல மாலுமிகளின் மயக்கம்'. அதுவும் குறும்படம்தான். அதில் 1920-களின் பெர்லின் மேடையைக் கலக்கிய நடனக்காரி வலெஸ்கா கெர்ட், முதிய வயதில் நடித்திருக்கிறார். தபேயா மாலுமிகளைப் பாட்டால் இழுக்கும் கடற்பெண்ணாக வருகிறார். ஹிட்லருக்கு முந்தைய பெர்லினின் காபரே உலகத்துக்கும் 70-களின் இளம் கலைஞர்களுக்கும் இடையில் அறுந்துபோயிருந்த இழை அந்தப் படத்தில் திரும்பவும் முடிச்சுப் போடப்பட்டது என்றே சொல்லலாம்.

பெர்லினுக்கு ஏன் போனார்கள்?

1973-இல் இருவரும் மேற்கு பெர்லினுக்குக் குடிபோனார்கள். அப்போது அது சுற்றிலும் சுவர் எழுப்பப்பட்ட தீவு மாதிரியான நகரம். நான்கு பக்கமும் கிழக்கு ஜெர்மனி. தொழிற்சாலைகள் வெளியேறின, வாடகை குறைந்தது. அந்த நகரத்தில் குடியிருக்கும் ஆண்களுக்குக் கட்டாய ராணுவச் சேவை கிடையாது. அதனாலேயே ஓவியர்களும் பாட்டுக்காரர்களும் வீட்டைவிட்டு ஓடிவந்தவர்களும் அங்கே குவிந்தார்கள். பகலில் பாதி காலியாகக் கிடந்த நகரம், இரவில் விடிய விடிய விழித்திருந்தது. மதுக்கூடங்களுக்கு மூடும் நேரம் என்று ஒன்று இல்லை. தபேயாவின் படங்களில் வரும் ஈரச் சாலை, நியான் விளக்கு, யாருமில்லாத நடைபாதை எல்லாம் செட் இல்லை, அந்த ஊரே அப்படித்தான் இருந்தது.

'மேடம் எக்ஸ்' எதைப் பற்றிய படம்?

சீனக் கடலை ஆளும் கொடிய கடற்கொள்ளைக்காரி மேடம் எக்ஸ். 'அலுப்பான வாழ்க்கையை உதறிவிட்டு வாருங்கள், பொன்னும் காதலும் சாகசமும் தருகிறேன்' என்று உலகத்துப் பெண்களுக்கெல்லாம் அழைப்பு விடுக்கிறாள். வனக்காவலர், அமெரிக்க இல்லத்தரசி, மனநல நிபுணர், பெயர்பெற்ற அழகி, விமானி என்று ஒவ்வொருத்தியாக வந்து கப்பலில் ஏறுகிறார்கள். சக்கரக் காலணியில் சறுக்கிக்கொண்டு வரும் கலைஞராக அமெரிக்க நடனக் கலைஞர் யுவோன் ரெய்னர் நடித்திருக்கிறார். கப்பலின் பெயர் 'ஒர்லாண்டோ'. விடுதலை தேடி வந்தவர்களுக்கு அங்கேயும் அதிகாரம், பொறாமை, கொலைதான் காத்திருக்கின்றன. 16 மில்லிமீட்டர் ஃபிலிமில், குறைந்த செலவில் எடுத்த படம். சீனக் கடலாக நடித்திருப்பது அவர்களுடைய சொந்த ஊர் ஏரியான போடன்ஸேதான்.

தபேயாவுக்கு இதில் இரட்டை வேடம். ஒன்று மேடம் எக்ஸ். இன்னொன்று, கப்பலின் முகப்பில் பொருத்தியிருக்கும் பெண் சிலை. கடைசலில் கடைந்த மரம் போல விறைப்பாக நின்றபடி, திடீரென்று இயந்திரம் மாதிரி அசையும். இரண்டு பேருக்கும் முகம் ஒன்று. யார் ஆள்கிறார், யார் பொம்மை என்ற சந்தேகத்தை எந்த வசனமும் எழுப்பவில்லை. கறுப்புத் தோலும் உலோகமும் கலந்து உடலை இறுக்கிப் பிடிக்கும் அந்த உடைதான் எழுப்புகிறது. படத்தின் உடைகள் தபேயாவின் பொறுப்பு. தன் உடம்பையே கவசமாகவும் சிலையாகவும் மாற்றிக் கட்டியிருக்கிறார்.

அந்தப் படத்துக்கு எதிர்ப்பும் வந்ததாமே?

வந்தது. அதுவும் பெண்ணிய வட்டத்திலிருந்தே வந்தது. 1970-களின் பெண்ணிய சினிமா பெரும்பாலும் வேலைக்குப் போகும் பெண், கருக்கலைப்பு உரிமை, வீட்டு உழைப்பு என்று நேரடியாகப் பேசியது. அந்த நேரத்தில் இறுக்கமான தோலாடை, சாட்டை, சொல்லுக்குக் கட்டுப்படாதவர்களைக் கொல்லும் தலைவி என்று ஒரு படம் வந்தால் கோபம் வராதா? 'பெண்களின் விடுதலையை இப்படியா காட்டுவது' என்று கேட்டார்கள்.

அந்தக் கோபம் எனக்குப் புரிகிறது, ஆனால் ஒத்துப்போக முடியவில்லை. ஆண் இல்லாத இடத்தில் ஆதிக்கமும் தானாக ஒழிந்துவிடும் என்று நம்பிக்கொண்டிருந்த நேரத்தில், 'பொறுங்கள், அது அவ்வளவு சுலபம் இல்லை' என்று சொன்ன படம் அது. சொல்லத் துணிந்ததற்காக எனக்கு மரியாதை உண்டு.

என்னைச் சங்கடப்படுத்துவது வேறு ஒன்று. சீனா, தஹிதி என்று தூர தேசங்களை வெறும் அலங்காரமாக எடுத்துப் போர்த்திக்கொள்வது. ஜெர்மன் முகங்கள் ஆசிய உடையில் நிற்பதை இன்று பார்க்கும்போது உறுத்துகிறது. பழைய ஹாலிவுட் படங்கள் காட்டிய 'கீழை உலக'த்தின் போலித்தனத்தைத்தான் வேண்டுமென்றே காட்டுகிறார்கள் என்பது ஒரு பதில். அந்தப் பதிலில் நியாயம் இருக்கிறது. உறுத்தல் மட்டும் போகவில்லை.

'ஒரு குடிகாரியின் சித்திரம்' ஏன் இவ்வளவு பேசப்படுகிறது?

தபேயாவின் ஒரே ஒரு படத்தைத்தான் பார்க்க நேரம் இருக்கிறது என்றால் இதைப் பாருங்கள். 1979-இல் வந்தது. ஆங்கிலம் பேசும் நாடுகளில் 'டிக்கெட் ஆஃப் நோ ரிட்டர்ன்' என்ற பெயரில் தெரியும்.

பணக்காரி ஒருத்தி. எங்கிருந்து வந்தாள், ஏன் இப்படி ஆனாள், எதுவும் சொல்லப்படுவதில்லை. பெர்லினுக்கு ஒருவழி டிக்கெட் வாங்குகிறாள். குடிக்க வேண்டும், குடித்தே முடிய வேண்டும் என்பதுதான் திட்டம். ஊர் சுற்றிப் பார்ப்பவர்கள் சுற்றுலா இடங்களைக் குறித்து வைத்துக்கொள்வது போல, மதுக்கூடங்களை வரிசையாகப் போய்ப் பார்க்கிறாள். அவளுக்குப் பெயர் கிடையாது. பாத்திரப் பட்டியலில் 'அவள்' என்று மட்டும் இருக்கிறது. (தமிழில் இது வசதியாகிப் போனது. இனிமேல் நான் 'அவள்' என்றால் பாத்திரம், 'அவர்' என்றால் தபேயா.)

படம் தொடங்கும்போது அவள் முகம் நமக்குத் தெரியாது. சிவப்பு உடையில் ஒரு பெண் நமக்கு முதுகைக் காட்டி நடந்துபோகிறாள். குதிகால் உயர்ந்த செருப்பு கல் தரையில் பட்டு எழும் சத்தம்தான் முதலில் காதில் விழுகிறது. டக், டக், டக். படம் முடியும்வரை அந்தச் சத்தம் நம்மை விடாது. வசனம் இல்லாத நாயகிக்கு ஓட்டிங்கர் கொடுத்த குரல் அதுதான் என்று எனக்குத் தோன்றும். அந்தச் செருப்பு உடையின் ஒரு பகுதி என்பதை நினைத்துக்கொள்ளுங்கள். அவளுக்குப் பேச்சைக் கொடுத்ததே உடைதான்.

அப்புறம் உடைகள் மாறத் தொடங்குகின்றன. ஒவ்வொரு இடத்துக்கும் ஒரு நிறம், ஒரு தொப்பி, ஒரு கையுறை. மதுக்கூடத்தின் மங்கலான வெளிச்சத்தில், பீர் குடித்துக் களைத்திருக்கும் சாதாரண மக்களுக்கு நடுவில், பட்டும் பளபளப்புமாக அவள் வந்து உட்காரும்போது வேறு கிரகத்திலிருந்து இறங்கியவள் போல இருக்கிறது. உடை எவ்வளவுக்கு எவ்வளவு அழகாகிறதோ அவ்வளவுக்கு அவளைச் சுற்றி ஆள் அண்ட முடியாமல் போகிறது. குடி அவளைத் தனிமைப்படுத்துகிறது என்று யாரும் வாயால் சொல்லத் தேவையே இல்லை.

கஃபே காட்சியை அவசியம் சொல்ல வேண்டும். பெர்லினின் பெரிய கடைத்தெருவில் இருக்கும் கண்ணாடிச் சுவர் வைத்த ஒரு கஃபே. உள்ளே அவள், கையில் பிராந்திக் கோப்பை. வெளியே, தெருவில் வாழும் ஒரு குடிகாரக் கிழவி கண்ணாடியில் முகத்தை ஒட்டிக்கொண்டு பார்க்கிறாள். அவள் கோப்பையில் இருப்பதைக் கண்ணாடியின் மேல் வீசுகிறாள். பிராந்தி வழிந்து இறங்க, அந்தப் பக்கத்து முகம் கலங்கித் தெரிகிறது. இன்னொரு கோப்பை கேட்கிறாள், மறுபடி வீசுகிறாள். பிறகு கிழவியையே உள்ளே கூப்பிட்டு உட்கார வைத்துக் குடிக்கிறாள். கஃபேக்காரர்கள் இருவரையும் வெளியே அனுப்புகிறார்கள். அதன் பிறகு இவர்கள் இருவரும் சேர்ந்துதான் திரிகிறார்கள். ஒருத்தி உடம்பில் விலையுயர்ந்த துணி, இன்னொருத்தி கையில் சாமான் தள்ளுவண்டி. உடையைக் கழற்றிவிட்டுப் பார்த்தால் இரண்டு பேரும் ஒரே பெண்தான்.

கட்டம் போட்ட உடையில் வரும் மூன்று பெண்கள் யார்?

சின்னக் கறுப்பு வெள்ளைக் கட்டம் போட்ட துணியில் ஒரே மாதிரி உடுத்தி, போகும் இடமெல்லாம் கூடவே வந்து, குடிப்பழக்கத்தைப் பற்றி விரிவுரை நடத்துவார்களே, அவர்கள்தானே? ஒருவர் பெயர் 'சமூகப் பிரச்சினை', இன்னொருவர் 'துல்லியமான புள்ளிவிவரம்', மூன்றாமவர் 'நடைமுறை அறிவு'. ஆமாம், பாத்திரங்களின் பெயரே அதுதான். குடிப்பவளைப் பற்றி அவர்கள் ஓயாமல் பேசுகிறார்கள். அவளோடு ஒரு வார்த்தை பேசுவதில்லை.

இதில் உடை செய்யும் வேலையைக் கவனியுங்கள். அவளுக்கு ஒவ்வொரு காட்சியிலும் புது உடை. மூவருக்கும் கடைசிவரை அதே கட்டம், சீருடை மாதிரி. யாரிடம் பதில் தயாராக இருக்கிறது, யார் இன்னும் தன்னையே தேடிக்கொண்டிருக்கிறாள் என்பதைத் துணி சொல்லிவிடுகிறது.

இந்தப் படம் குடியைக் கொண்டாடுகிறதா?

இல்லை என்பது என் எண்ணம். கொண்டாடும் படம் இப்படி முடியாது. ரயில் நிலையப் படிக்கட்டில் அவள் விழுந்து கிடக்க, அவசரமாகப் போகும் கூட்டம் அவளைத் தாண்டிப் போகிறது. அதற்குப் பிறகு கடைசிக் காட்சி. எல்லாப் பக்கமும் கண்ணாடி பதித்த நீண்ட நடைகூடம், தரையும் கண்ணாடி. வெள்ளித் தகடு போல மின்னும் உடையில் அவள் மறுபடி நடக்கிறாள். மறுபடி அந்த டக், டக். இந்த முறை ஒவ்வொரு அடிக்கும் காலடியில் கண்ணாடி விரிசல் விடுகிறது. தன் பிம்பத்தின் மேலேயே மிதித்து நடந்து போகிறாள்.

அதே சமயம் படம் அவளுக்குப் பாடமும் எடுக்கவில்லை. குடிக்கும் ஆணைப் பற்றி உலகம் முழுக்க எத்தனையோ கதைகள் பரிவோடு சொல்லப்பட்டிருக்கின்றன. குடிக்கும் பெண்ணுக்கு வெட்கம் அல்லது சிகிச்சை, இந்த இரண்டைத் தவிர வேறு எதுவும் கிடைத்ததில்லை. 1979-இல் அவளை ஓர் அரசியைப் பார்ப்பது போலப் பார்த்த படம் இது.

உடை வடிவமைப்பு என்றால் சரியாக என்ன செய்தார்?

நம் ஊரில் 'காஸ்ட்யூமர்' என்றதும் நடிகர்களின் அளவெடுத்துத் துணி தைத்து, படப்பிடிப்பில் இஸ்திரி போட்டு எடுத்துக்கொடுப்பவர் நினைவுக்கு வருவார். பாத்திரம் எந்த நிறத்தில், எந்த வெட்டில் இருக்க வேண்டும் என்று முடிவு செய்யும் வேலை அதற்கு முந்தையது. தபேயா செய்தது இதைத்தான்.

அந்தப் படங்களில் வேலைப் பங்கீட்டைப் பாருங்கள். திரைக்கதை, இயக்கம், ஒளிப்பதிவு மூன்றும் ஓட்டிங்கர். முகமும் உடையும் தபேயா. கேமராவுக்குப் பின்னால் ஒருவர், முன்னால் ஒருவர். திரையில் கண்ணுக்குத் தெரியும் முக்கால்வாசி இந்த இரண்டு பேருக்குள் முடிந்துவிடுகிறது. பெரிய படங்களில் இயக்குநர் கேட்பதை உடைக்காரர் செய்து, நடிகை போட்டுப் பார்த்து, ஒளிப்பதிவாளர் நிறம் ஒத்துவரவில்லை என்று திருப்பி அனுப்பி, மறுபடி தைப்பார்கள். இங்கே உடையை யோசித்தவரும் உடுத்தியவரும் ஒருவர். எந்தத் துணி திரும்பும்போது எப்படி விழும், எந்தத் தொப்பியை வைத்தால் கழுத்தை எந்தக் கோணத்தில் பிடிக்க வேண்டும் என்பதை இன்னொருவரிடம் சொல்லிப் புரியவைக்க வேண்டிய தேவை அவருக்கு இருந்ததில்லை. அவர் நடையில் இருக்கும் அந்த உறுதி அங்கிருந்துதான் வருகிறது.

அதே காலத்தின் மற்ற ஜெர்மன் உடை வடிவமைப்பாளர்களிலிருந்து எப்படி வேறுபட்டார்?

ஒப்பிட நல்ல ஆள் பார்பரா பாவும். ஜெர்மன் இயக்குநர் ஃபாஸ்பிண்டரின் 'எஃபி ப்ரீஸ்ட்', 'மரியா பிரவுனின் திருமணம்' போன்ற படங்களுக்கு உடை அமைத்தவர், இந்தத் துறையின் பெரிய பெயர். 'மரியா பிரவுன்' வந்ததும் அதே 1979-தான். அதில் போருக்குப் பிந்தைய ஜெர்மனி எப்படி வறுமையிலிருந்து வசதிக்கு ஏறியது என்பதை மரியாவின் உடை மாற்றத்திலேயே படிக்கலாம். அவ்வளவு துல்லியமான காலக்கணக்கு. தபேயாவின் உடைகளோ எந்த ஆண்டையும் சேராதவை. 'அவள்' அணிவதை எந்தக் கடையிலும் வாங்கியிருக்க முடியாது.

நடிகையே உடையும் அமைப்பது அங்கே வழக்கமா?

அபூர்வம். ஆனால் இன்னொருவர் உண்டு, மக்தலேனா மொன்டெஸூமா. இயக்குநர் வெர்னர் ஷ்ரோயட்டரின் படங்களில் நடித்துக்கொண்டே உடை, ஒப்பனை, அரங்கம் என்று பலவற்றிலும் கைகொடுத்தவர். 'குடிகாரியின் சித்திர'த்தில் 'சமூகப் பிரச்சினை'யாக வருபவர் இவர்தான். 1984-இல் புற்றுநோயால் இறந்தார். அவர் நடித்த கடைசிப் படமான 'ரோஜா அரசன்' அவர் போன பிறகு, 1986-இல்தான் வெளியானது. அவரைப் பற்றித் தனியாக எழுத வேண்டும்.

'ஓட்டிங்கரின் ஆதர்ச அழகி' என்கிறார்களே, சரியா?

எனக்கு அந்தச் சொல் பிடிக்காது. அழகாக வந்து நின்றார், மேதை இயக்குநர் அவரைப் பார்த்து ஊக்கம் பெற்றார் என்கிற கதை அதில் ஒளிந்திருக்கிறது. இயக்குநர் பெண்ணாக இருந்தாலும் கதை அதேதான். தபேயா வந்து நிற்க மட்டும் செய்யவில்லை, எதை உடுத்தி நிற்பது என்பதையும் முடிவு செய்தார். ஓட்டிங்கர் எடுத்த நூற்றுக்கணக்கான புகைப்படங்களில் அவர் முகம் இருக்கிறது. அந்த முகத்தின் மேல் இருக்கும் மை, தொப்பி, காதணி, மீசைக்கெல்லாம் பின்னால் அவருடைய யோசனை இருக்கிறது. கூட்டுக் கலைஞர் என்று சொன்னால் போதும். 2022-இல் பெர்லினிஷே கலேரி என்ற அருங்காட்சியகம் இருவரின் வேலைகளையும் சேர்த்து ஒரு கண்காட்சி வைத்தது. அதன் தலைப்பில் 'சேர்ந்து ஆடுதல்' என்று பொருள் தரும் ஜெர்மன் சொல்லைப் பயன்படுத்தினார்கள். அது சரியான சொல்.

எழுத்தாளர் பட்ரீஷியா ஹைஸ்மித்துடன் தொடர்பு இருந்ததா?

இருந்தது. 1978-இல் பெர்லின் திரைப்பட விழாவின் நடுவர் குழுத் தலைவராக இருந்தவர் ஹைஸ்மித். அந்த ஆண்டு தபேயாவிடம் ஆழமாகக் காதல்வயப்பட்டார். அவருக்கு 57 வயது, தபேயாவுக்கு 25. உறவு சில மாதங்கள்கூட நீடிக்கவில்லை. ஆனால் ஹைஸ்மித் அவரை நினைத்துக் கவிதைகள் எழுதினார். ஹைஸ்மித்தின் வாழ்க்கை வரலாறுகளில் தபேயாவுக்குத் தவறாமல் இடம் இருக்கிறது. அங்கே அவர் ஒரு காதலியாக மட்டும் வந்து போவதுதான் எனக்கு வருத்தம். அந்த நேரத்தில் அவர் 'மேடம் எக்ஸ்' முடித்து, அடுத்த படத்துக்குப் போய்க்கொண்டிருந்தவர்.

1979-க்குப் பிறகு என்ன ஆனது?

ஓட்டிங்கரும் அவரும் பிரிந்தார்கள். ஓட்டிங்கரின் அடுத்த படமான 'ஃப்ரீக் ஒர்லாண்டோ'வுக்கு (1981) ஹோர்ஹே ஹாரா உடை அமைத்தார். 1984-இல் வந்த 'டோரியன் கிரே' படத்தில் தபேயா திரும்பவும் ஓட்டிங்கருக்காக நடித்தார். ஆனால் மையம் அவர் இல்லை. டோரியனாக நடித்தது புகழ்பெற்ற மாடல் வெருஷ்கா.

அதற்குள் தபேயா வேறு உலகத்தில் இருந்தார். பெர்லினில் பங்க் இசை அலை எழுந்த நேரம். கிதார் வாசிக்கத் தெரியாதவர்கள் மேடையேறி இசைக்குழு ஆரம்பித்தார்கள். 'மேதைத்தனமான கற்றுக்குட்டிகள்' என்று தங்களை அழைத்துக்கொண்டு, கற்றுக்குட்டி என்ற ஜெர்மன் சொல்லையே எழுத்துப்பிழையோடு அச்சிட்டார்கள். வொல்ஃப்காங் முல்லரும் நிகோலாஸ் உட்டர்மோலனும் 1980-இல் தொடங்கிய 'டி டோட்லிஷே டோரிஸ்' அந்தக் கூட்டத்தின் முக்கியமான குழு. 'சாகடிக்கும் டோரிஸ்' என்று பொருள். ஜெர்மனில் 'சாகடிக்கும் மருந்தளவு' என்பதற்கு ஒலியில் மிக நெருக்கமான பெயர். தபேயா அதில் சில காலம் உறுப்பினராக இருந்தார். பின்னலாடை வடிவமைப்பாளர் க்ளாவ்டியா ஸ்கோடாவின் ஆடைக் காட்சிகளிலும் அவர் நடந்திருக்கிறார்.

இயக்குநராக?

1980-களில் தானே படங்கள் இயக்கினார். 'ஸகர்பாட்டா' அவற்றில் ஒன்று. அவற்றுக்கு ஓட்டிங்கர் படங்களுக்குக் கிடைத்த கவனம் கிடைக்கவில்லை.

கடைசிக் காலம் கஷ்டமாக இருந்ததா?

கஷ்டமாகத்தான் இருந்தது. சுவர் இடிந்து நகரம் மாறியபோது, மலிவு வாடகையை நம்பி வாழ்ந்த கலைஞர்கள் பலர் நிலைகுலைந்தார்கள். தபேயா வறுமையில் வாடினார், ஒரு கட்டத்தில் இருக்க வீடும் இல்லாமல் போனது. பிற்பாடு பெர்லினின் கிழக்குப் புறத்தில், அடுக்குமாடிக் குடியிருப்புகள் நிறைந்த மார்ட்ஸான் பகுதியில் வாழ்ந்தார். தெருவில் வாழும் பெண்ணோடு கைகோத்துத் திரிந்த 'அவளை' நடித்தவருக்கே இப்படி நேர்ந்தது என்பதை நினைத்தால் எனக்கு மனது கனத்துவிடும்.

ஆனால் வரைவதை அவர் விடவில்லை. காகிதத்தில், அடர்த்தியான வண்ணத்தில், பெண்களின் முகங்கள். தடித்த கண்மை, பச்சை குத்திய தோள், விநோதமான தலை அலங்காரம். பார்த்ததும் தெரியும், படங்களுக்கு உடை யோசித்த அதே கைதான் இது என்று. தைக்கத் துணியும் இல்லை, எடுக்கக் கேமராவும் இல்லை, ஆனாலும் பாத்திரங்கள் வந்துகொண்டே இருந்திருக்கிறார்கள். 2022 கண்காட்சியில் ஓட்டிங்கரின் புகைப்படங்களோடு இந்த ஓவியங்களையும் சேர்த்து மாட்டினார்கள். அதைப் பார்க்க அவர் இல்லை.

எந்தப் படத்தில் தொடங்குவது?

'ஒரு குடிகாரியின் சித்திரம்'. பிடித்தால் 'மேடம் எக்ஸ்'. அது இரண்டேகால் மணி நேரத்துக்கும் மேல் ஓடும், அவசரம் இல்லாத ஒரு நாளில் பாருங்கள். குறும்படங்களைக் கடைசியில் வைத்துக்கொள்ளலாம். ஓட்டிங்கர் தன் படங்களை டிவிடியாக வெளியிட்டிருக்கிறார். திரைப்பட விழாக்களின் பழைய பட வரிசைகளிலும் இவை அவ்வப்போது வரும்.

ஜெர்மன் தெரியாது, புரியுமா?

தாராளமாக. கட்டம் போட்ட மூவர் பேசும்போது மட்டும் வசன வரியைப் படித்துக்கொள்ளுங்கள். அவள் வரும் இடங்களில் கீழே படிக்க எதுவும் இருக்காது, ஒலியைக் கொஞ்சம் கூட்டி வைத்துக்கொண்டு செருப்புச் சத்தத்தைக் கேளுங்கள்.